கியோன்கா வீட்டு ஈடு

கியோன்கா வீட்டார் புலியைப் புலி என்று சொல்வதில்லை. பெரியவர் என்பார்கள், பெண்ணாக இருந்தால் பெரியம்மா. பனிக்காட்டில் ஓடும் பிக்கின் ஆற்றங்கரையில் மற்ற வீட்டாரும் அப்படித்தான் சொல்வார்கள் என்றாலும், வோட்கா இரண்டு மிடறு உள்ளே போனால் அவர்களுக்கு வாய் தவறிவிடும். புரோக்கோப்பி கியோன்காவுக்கு வயது எழுபதை நெருங்குகிறது, ஒரு முறைகூட வாய் தவறியதில்லை. அவருடைய வீட்டில் எந்தத் தலைமுறையிலும் யாரும் ஒரு பெரியவர் மீது துப்பாக்கியைத் தூக்கியதில்லை. இதை அவர் எங்கும் சொல்லிக்கொள்ள மாட்டார். சொல்லத் தேவையில்லாத அளவுக்கு ஊருக்கே தெரியும்.

அந்த வீட்டு முற்றத்தில்தான் பெரியம்மா செத்துக் கிடந்தாள்.

பொறிகளைப் பார்த்துவிட்டுக் காட்டுக்குடிலிலிருந்து புரோக்கோப்பி திரும்பிய காலை அது. பனிவண்டியை நிறுத்தியதும் ஓடிவந்து காலைச் சுற்றும் நாய் வரவில்லை. விறகுக் கொட்டகையின் பக்கத்தில் அதன் சங்கிலி அறுந்து கிடந்தது. சங்கிலிக்கு அப்பால் நாய் கிடந்தது. நாய்க்கு அப்பால் அவள் ஒருக்களித்துக் கிடந்தாள். தாடையின் கீழே பனி சிவந்து உறைந்திருந்தது. மகள் தைஸ்யா கையுறைகூட இல்லாமல், மடியில் துப்பாக்கியை வைத்துக்கொண்டு வாசற்படியில் உட்கார்ந்திருந்தாள்.

"விறகெடுக்கப் போனேம்பா," என்றாள். "நாயக் கவ்விக்கிட்டு நின்னாங்க. கத்தினேன். நாயக் கீழ போட்டுட்டு என்னப் பாத்தாங்க. நடுவுல இந்த வண்டி நீளம்கூட இல்ல. தல தணிஞ்சிருச்சு, காது ரெண்டும் பின்னால போயிருச்சு."

"வானத்துல சுட்டிருக்கலாம்."

"முதல்ல வானத்துலதான் சுட்டேன்."

அவர் தொப்பியைக் கழற்றிப் பனியில் வைத்தார். மண்டியிட்டார். தன் தகப்பன் சொல்லிக் கேட்ட சொற்களை, தனக்கு ஒருநாளும் வேண்டியிருக்காது என்று நினைத்த சொற்களைச் சொன்னார்.

"என் வீடு உங்க வீட்டுக்குத் தீங்கு செஞ்சிருச்சு. வேணும்னு செய்யல. ஈடு நான் தர்றேன்."

எழுந்த பிறகுதான் அவளைச் சரியாகப் பார்த்தார். விலா எலும்புகளை எண்ணிவிடலாம் போலிருந்தது. பன்றிகளுக்கு வந்த கொள்ளைநோயில் மலைச்சரிவுகளெல்லாம் காலியாகிப் போயிருந்தன. பைன் கொட்டையும் அந்த வருஷம் காய்க்காததால் மான்கள் ஆற்றைத் தாண்டிப் போய்விட்டன. அதனால்தான் பெரியம்மா ஊருக்குள் வந்து நாய்களைத் தூக்கிக்கொண்டிருந்தாள். தினமும் ஏதாவது ஒரு வீட்டில் விரட்டுவதற்காக வெடி வெடிக்கும். அதனால் கடைசி வீடான கியோன்கா வீட்டில் கேட்ட இரண்டு வெடிகளை யாரும் என்னவென்று கேட்டு வரவில்லை.

அவர் குனிந்து அவளுடைய வயிற்றுப் பக்கத்து மயிரை ஒதுக்கினார். காம்புகளைச் சுற்றி மயிர் தேய்ந்திருந்தது. கறி தின்னப் பழகியும் பால் மறக்காத பிள்ளைகள் எங்கோ காத்துக்கொண்டிருந்தன.

"ஸ்தெபான்கிட்ட சொல்லிடலாம்பா," என்றாள் தைஸ்யா. "காட்டு ரோந்துப் படைக்காரன். உசிருக்குப் பயந்து சுட்டதுன்னா ஒண்ணும் செய்ய மாட்டாங்க. கீழூர்ல அப்படித்தான் எழுதிட்டுப் போனாங்க. குட்டிங்களப் பிடிச்சுக்கிட்டுப் போய் மனுஷன் கண்ணுல படாம வளத்து, மறுபடி காட்டுலயே விடுறாங்களாம்."

"அந்தப் பேர இந்த வாசல்ல சொல்லாத."

"ஏன் சொல்லக் கூடாது?"

ஏன் என்று இருவருக்கும் தெரியும். ஸ்தெபான், கவ்ரீல் கன்சுகாவின் மகன். கவ்ரீலின் சித்தப்பா ஒருவர் பல வருஷங்களுக்கு முன் ஒரு பெரியவரைச் சுட்டுத் தோலை எல்லைக்கு அப்பால் விற்றவர். ஸ்தெபான் தைஸ்யாவைப் பெண் கேட்டு வந்தபோது, "ரத்தம் பட்ட வீட்ல என் பொண்ணு தேத்தண்ணி குடிக்க மாட்டா," என்று வாசலிலேயே நிறுத்திச் சொல்லி அனுப்பினார் புரோக்கோப்பி. ஸ்தெபான் வேறு பெண்ணைக் கட்டிக்கொண்டான். அவனுக்கு இப்போது மூன்று பிள்ளைகள். தைஸ்யா பள்ளிக்கூடத்துச் சமையலறையில் ஊர்ப் பிள்ளைகளுக்கெல்லாம் சூப் ஊற்றிக்கொண்டிருக்கிறாள். அதற்குப் பிறகு யாரும் பெண் கேட்டு வரவில்லை.

"இப்ப எந்த வீடுப்பா ரத்தம் பட்ட வீடு?" என்றாள் தைஸ்யா.

அவர் பனிவண்டிக்குப் பின்னால் கட்டும் சறுக்குக் கட்டையை இழுத்து வந்தார். இருவருமாகப் பெரியம்மாவை அதில் ஏற்றி, பூர்ச்ச மரப்பட்டையால் மூடி, காட்டுக்குள் கொண்டுபோனார்கள். நான்கு கம்பங்கள் நட்டுப் பரண் கட்டி அதன்மேல் கிடத்தினார்கள். முற்றத்துப் பனியை வாரி ஆற்றில் வெட்டியிருந்த குழியில் கொட்டினார்கள். நாயையும் அதிலேயே விட்டார்கள்.

"ஊர் கேட்டா?"

"நாயத் தூக்கிக்கிட்டுப் போயிட்டாங்கன்னு சொல்லு."

ஈடு என்பது இதுதான். ஒரு பெரியவரைக் கொன்ற வீடு, அவர் தம் பிள்ளைகளுக்குப் போட்டிருக்க வேண்டிய சோற்றைத் தான் போட வேண்டும். தூரத்தில் எறிந்துவிட்டு வரக் கூடாது. அது நாய்க்குப் போடுவது. கொடுப்பவர் முகத்தைக் காட்ட வேண்டும். தொப்பியைக் கழற்ற வேண்டும். தின்று முடியும்வரை அங்கேயே நின்று, எந்த வீடு கொடுக்கிறது என்று சொல்ல வேண்டும். கியோன்கா வீட்டில் யாரும் இதைச் செய்ய நேர்ந்ததில்லை. ஆனால் எப்படிச் செய்ய வேண்டும் என்று வீட்டில் எல்லோருக்கும் தெரியும்.

பெரியம்மா வந்த தடத்தைப் பின்னோக்கிப் பிடித்துக்கொண்டு போனார் புரோக்கோப்பி. ஓடையைத் தாண்டி, மரம் ஏற்றும் பனிச்சாலையைத் தாண்டி, பாறைச் சரிவு ஒன்றில் விழுந்து கிடந்த பைன் மரத்தடியில் தடம் முடிந்தது. மரத்தின் வேருக்குள்ளிருந்து யாரோ துணியைக் கிழிப்பது போல ஒரு சீறல் கேட்டது. அவர் மானின் முன்தொடையை வைத்துவிட்டுத் தொப்பியைக் கழற்றி நின்றார். காது மரத்துப்போகும்வரை நின்றும் ஒன்றும் வெளியே வரவில்லை. மறுநாள் போனபோது எலும்புதான் மிச்சம் இருந்தது. அவர் மறுபடி வைத்துவிட்டு நின்றார்.

மூன்றாம் தரம் ஆண்குட்டி வந்தது. வேரிலிருந்து தலையை நீட்டி, அவரைப் பார்த்து, கறியைப் பார்த்து, மறுபடி அவரைப் பார்த்துச் சீறிக்கொண்டே இழுத்துக்கொண்டு போனது. பெண்குட்டி அதன் பின்னால் வந்து பங்குக்குச் சண்டை போட்டது.

"நான் கியோன்கா வீடு," என்றார் அவர் மெதுவாக. "உங்கம்மாவுக்கு என் வீடு தீங்கு செஞ்சிருச்சு. தின்னுங்க."

வீட்டுக்கு வரும் வழியில் அவருக்கு நெஞ்சு நிமிர்ந்திருந்தது. இழுக்கு வந்ததுதான், அதைத் துடைக்கிற வழி தன் வீட்டுக்குத் தெரிகிறதே என்று நினைத்தார். கன்சுகா வீட்டார் தோலை விற்றுத் தின்றார்கள். நாம் பிள்ளைகளை வளர்க்கிறோம். அடுத்த பனிக்குள் இவை தாமாக வேட்டையாடும். அதுவரை தாங்க வேண்டும், அவ்வளவுதான்.

அதுவரை தாங்குவது எப்படி என்பதுதான் தெரியவில்லை.

குளிர்காலத்துக்கு என்று நிலவறையில் தொங்கவிட்டிருந்த கறி கண்முன்னே கரைந்தது. தைஸ்யா வாய் திறக்காமல் உருளைக்கிழங்கை வேகவைத்து வைத்தாள். உறைந்த மீனைச் சீவி உப்புத் தொட்டுத் தின்றார்கள். அனுமதிச்சீட்டில் இருந்த மான் தீர்ந்ததும் அவர் சீட்டில் இல்லாத மானைத் தேடிப் போனார். வாழ்நாளில் முதல் தடவையாகத் திருட்டு வேட்டை. எட்டு மலையைத் தாண்டினாலும் தடமே இல்லாத காட்டில் கடைசியாக ஒரு செம்மான் கிடைத்தது. வயிற்றில் குட்டியோடு இருந்தது. அதையும் கொண்டுபோய் வைத்தார்.

குட்டிகள் இப்போது வேருக்குள் ஒளிவதில்லை. பனிவண்டியின் சத்தம் ஓடைப் பக்கம் கேட்டாலே சரிவில் இறங்கி வந்து நின்றன. பெண்குட்டி கொஞ்சம் தள்ளி நிற்கும். ஆண்குட்டி சறுக்குக் கட்டையின் மேலேயே ஏறிவிடும். "மரியாத தெரியாத பயலே," என்பார் அவர். சொல்லும்போது சிரிப்பு வந்துவிடும். அந்தச் சிரிப்பைத்தான் பிறகு அவரால் மறக்க முடியவில்லை.

ஊரில் நாய்கள் காணாமல் போவது நின்றுவிட்டது. இது யார் கண்ணிலாவது படாமல் இருக்குமா? ரொட்டி வாங்கக் கடையில் நின்றபோது கவ்ரீல் கன்சுகா பின்னாலிருந்து ஆரம்பித்தார். அவர் இருக்கிற இடத்தில் நான்கு பேர் சிரிக்காமல் இருக்க மாட்டார்கள்.

"என்ன பெரிய வீட்டுக்காரரே, உங்க நாயோட நிறுத்திட்டாங்களே! அவ்வளவு கொழுப்பா உங்க நாய்க்கு?"

"கியோன்கா வீட்டு நாயாச்சே," என்றாள் வரிசையில் நின்ற ஒருத்தி. "அதத் தின்னதும் தலக்கனம் ஏறியிருக்கும். இனிமே கண்ட வீட்டு நாயத் தொடுவாங்களா?"

கடையே சிரித்தது. புரோக்கோப்பி ரொட்டியைக் கோட்டுக்குள் செருகிக்கொண்டார்.

"போனாங்களா, போக வச்சாங்களான்னு யாருக்குத் தெரியும்," என்றார் கவ்ரீல், இந்தத் தடவை சிரிக்காமல். "எம் பையன் தடம் பாத்துட்டு வர்றான். பெரியம்மா தடம் உம்ம வீட்டுப் பக்கம் வருது. திரும்பிப் போகலயாம்."

"பனி மூடியிருக்கும்."

"இருக்கும், இருக்கும். உம்ம வீட்டுப் பக்கம் மட்டும் நல்லா மூடும்போல."

வெளியே வந்தார். முதுகு மட்டும் எப்போதும் போல நேராக இருந்தது. கால் இடறியது.

மறுநாள் கொண்டுபோக மானின் தலையும் கால்களும்தான் இருந்தன. அவற்றைக் கட்டிக்கொண்டு பனிச்சாலையில் திரும்பியபோது, வளைவில் மரம் ஏற்றிய லாரி ஒன்று குறுக்காக நின்றிருந்தது. ஓட்டுநர் கீழே இறங்கித் தலையில் கையை வைத்துக்கொண்டு நின்றான். வேற்றூர்க்காரன், சின்ன வயது. முன்சக்கரத்தின் பக்கத்தில் ஆண்குட்டி கிடந்தது.

"நான் ஒண்ணும் பண்ணலங்க," என்றான் அவன். "குறுக்க ஓடுற பிராணி எவ்வளவோ பாத்திருக்கேன். பிரேக் அடிப்பேன், ஓடிடும். இது ஓடலீங்க. சாலை நடுவுல உக்காந்திருந்துச்சு. வண்டிச் சத்தம் கேட்டு எந்திரிச்சு நேரா என்னப் பாத்து வந்துச்சு. வீட்டு நாய் எசமானப் பாத்து வருமே, அப்படி. லோடு வண்டி, பனியில நிக்குமா?"

புரோக்கோப்பி கேட்டுக்கொண்டு நின்றார். அவன் சொன்ன ஒவ்வொரு சொல்லும் அவருக்குப் புரிந்தது.

"ரோந்துக்குச் சொல்லணுமாங்க? இங்க போனும் எடுக்கல. ஜெயில்ல போட்டுருவாங்களா?"

"நீ போ."

"நெசமாவா?"

"இது எங்க வீட்டு விஷயம். போ."

லாரி போனது. அப்போதாவது அவர் ஊருக்குத் திரும்பி ரோந்துக்குச் சொல்லியிருக்க வேண்டும். திரும்பவில்லை. குட்டியை எடுத்துச் சறுக்குக் கட்டையில் வைத்துப் பட்டையால் மூடி, தாய் கிடந்த பரணுக்கே கொண்டுபோய் அவள் வயிற்றோடு ஒட்டிக் கிடத்தினார். ஒன்றை மறைத்த கை இன்னொன்றையும் மறைத்தது. அதற்குப் பிறகு மரத்தில் சாய்ந்து, குரல் வெளியே வராமல் அழுதார்.

அழுது முடித்ததும் ஒன்று தெரிந்தது: பெண்குட்டி தன்னைக் கண்டு பயந்தாக வேண்டும். இனி வண்டிச் சத்தம் கேட்டால் அது ஓட வேண்டும். இல்லையென்றால் அதுவும் போய்விடும்.

அவர் மரத்தடிக்குப் போனார். அது எழுந்து வந்தது. அண்ணனைத் தேடி அவருக்குப் பின்னால் பார்த்தது. அவர் விறகுக் கட்டையை எடுத்து எறிந்தார். அது தாவி விலகி, கட்டையை முகர்ந்து பார்த்துவிட்டு மறுபடி வந்தது. தொண்டை கிழியக் கத்தினார். துப்பாக்கியை எடுத்து வானத்தில் சுட்டார். குட்டி சரிவில் ஏறி ஓடியது. அவர் கறியை வைக்காமல் திரும்பினார். கொஞ்ச தூரம் வந்து பார்த்தால், அது வண்டித் தடத்தில் பின்னாலேயே வந்துகொண்டிருந்தது. அவர் நின்றால் அதுவும் நின்றது. சுட்டால் உட்கார்ந்தது.

அடுத்த நாட்களிலும் அதே கதைதான். வெறுங்கையோடு போய் அடித்து விரட்டினார். அதன் இடுப்பு எலும்பு துருத்திக்கொண்டு வந்தது. ஒரு நாள் மனம் கேட்காமல் இரண்டு மீனை வீசினார். வீசிய பிறகு தன் கையையே தான் அடித்துக்கொண்டார். கொடுத்தால் சாலையில் சாகும், கொடுக்காவிட்டால் மரத்தடியில் சாகும். இதற்கு நடுவே ஒரு வழி தன் வீட்டுச் சொற்களில் எங்காவது இருக்கும் என்று தேடினார். அப்படி ஒன்றும் இல்லை. அந்தச் சொற்களைச் சொன்னவர்கள் காலத்தில் லாரி கிடையாது, பன்றிக்கு நோய் கிடையாது. ஒரு குட்டி போனால் அடுத்த மலையில் இன்னொன்று இருக்கும்.

காலையில் தண்ணீர் எடுக்கப் போன தைஸ்யா வெறும் வாளியோடு திரும்பி வந்தாள்.

"வேலிக்கு அந்தப் பக்கம் தடம் இருக்குப்பா. சின்னது. உங்க வண்டித் தடத்துலயே வந்து, நின்னு, திரும்பிப் போயிருக்கு."

அவர் காலணியில் நாடாவைக் கட்டிக்கொண்டிருந்தார். கை நின்றது.

"நாளைக்கு வாசல்ல வந்து நிக்கும்," என்றாள். "பசியில வர்றது என்ன செய்யும்னு எனக்குத் தெரியும். அப்பவும் நானே சுடணுமா? இல்ல, இந்தத் தடவ நீங்க சுடுறீங்களா?"

"தைஸ்யா."

"அவங்களச் சுட்டது நான். அதுக்கு நான் அழுதுட்டேன். இந்த ரெண்டு பிள்ளைங்களும் என் கணக்குல இல்லப்பா. அன்னைக்கே சொல்லியிருந்தா ரெண்டும் உசிரோட இருக்கும். நம்ம வீட்டுப் பேருக்காக எத்தனப் பேரத்தான் பலி போடுவீங்க? என்னப் போட்டீங்க. நான் வாயத் தொறக்கல. இதுக்கு வாயே கிடையாது."

அவள் வாளியை வைத்துவிட்டு உள்ளே போனாள். புரோக்கோப்பி நாடாவைக் கட்டி முடித்தார். நல்ல கோட்டை எடுத்துப் போட்டுக்கொண்டார். பட்டன்களைக் கழுத்துவரை பூட்டினார். ஊரின் நடுத் தெரு வழியாக, எல்லோரும் பார்க்கிற நேரத்தில், கன்சுகா வீட்டுக்கு நடந்து போனார்.

உள்ளே கவ்ரீலும் மகனும் சாப்பிட்டுக்கொண்டிருந்தார்கள். அவரை வாசலில் கண்டதும் கவ்ரீலின் வாயில் இருந்த கொழுக்கட்டை அப்படியே நின்றது.

"என்னய்யா, வழி தவறிட்டீரா?"

"என் வீட்ல ஒரு பெரியம்மா செத்துப் போனாங்க," என்றார் புரோக்கோப்பி. "சுட்டது நாங்க. மறைச்சது நான். ரெண்டு பிள்ளைங்க. ஒண்ணு செத்துப்போச்சு. ஒண்ணு பட்டினி கிடக்குது. உம்ம மகன் உதவி வேணும்."

ஊரையே சிரிக்க வைக்கிற கவ்ரீல் தட்டைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"இத உம்ம வாயால கேக்கணும்னு எத்தன வருஷமா ஆசப்பட்டிருக்கேன் தெரியுமா?" என்றார் கடைசியில். "கேட்டாச்சு. ஒண்ணும் இனிக்கலய்யா."

ஸ்தெபான் ஏற்கெனவே எழுந்து ரோந்துக் கோட்டை மாட்டிக்கொண்டிருந்தான். ஊரில் எல்லோரும் புரோக்கோப்பியை மாமா என்பார்கள். அவன் மட்டும் ஐயா என்பான்.

"எப்ப நடந்ததுங்கய்யா?"

"ஆறு கெட்டிப்பட்ட சமயம்."

"அப்பலேர்ந்து நீங்களா தீனி போட்டீங்க? முகத்தக் காட்டியா?"

"அதுதான முறை."

ஸ்தெபான் அவர் முகத்தைப் பார்த்தான். வயர்லெஸ்ஸை எடுத்துக்கொண்டு வெளியே போனான்.

மறுநாள் குட்டிகளை வளர்க்கும் மையத்திலிருந்து கூண்டோடு வண்டி வந்தது. கூடவே ஒரு பெண் மருத்துவர். தைஸ்யா சொன்னதை ஸ்தெபான் எழுதிக்கொண்டான். உயிருக்குத் தப்பிக்கச் சுட்டது, குற்றமில்லை என்று இரண்டு வரியில் முடிந்துபோனது. அந்த இரண்டு வரி எழுதப்படக் கூடாது என்றுதான் இத்தனை நாளும் புரோக்கோப்பி இரண்டு பிணத்தை மறைத்து வைத்திருந்தார்.

சரிவின் கீழே கூண்டை வைத்து உள்ளே கறியைப் போட்டார்கள். அந்நியர்களின் வாடை பட்டதால் குட்டி இறங்கவில்லை. மேலே பாறையில் உட்கார்ந்து, கூட்டத்தில் ஒருவரை மட்டும் பார்த்துக்கொண்டிருந்தது.

"மயக்க ஊசி போட முடியாதா?" என்று கேட்டான் ஸ்தெபான்.

"இந்த உடம்புக்கா? இந்தக் குளிர்ல போட்டா எந்திரிக்கவே எந்திரிக்காது," என்றார் மருத்துவர். புரோக்கோப்பியிடம் திரும்பினார். "நீங்க கூப்பிட்டா வரும், இல்லீங்களா?"

"வரும்."

"கூண்டுக்கு அந்தப் பக்கம், கம்பிக்குப் பின்னால உக்காந்து கூப்பிடுங்க."

அவர் நகரவில்லை. "கூட்டிட்டுப் போய் வளத்து, மறுபடி இங்கதான விடுவீங்க?"

மருத்துவர் கையுறையை இழுத்து இழுத்துச் சரிசெய்தார்.

"மனுஷனக் கண்டா ஒளியுற குட்டியத்தாங்க விட முடியும். இது உங்களப் பாத்து வருது. நாளைக்கு எவன் வண்டியப் பாத்தும் வரும்."

"மறந்துராதா? சின்னப் பிள்ளதான."

"பாப்போம். ஆனா உங்களுக்கு ஆசை காட்டி நான் பொய் சொல்லக் கூடாது. வேலிக்குள்ளதான் இருக்கும். ஆயுசுக்கும்."

"அப்போ இந்தக் காட்டுக்கு?"

ஆற்றிலிருந்து எல்லை மலைவரை அது பெரியம்மாவின் காடு. அவளுக்குப் பின் அதில் நடக்க இந்த ஒரு குட்டிதான் மிச்சம்.

கூப்பிட முடியாது என்று அவர் சொல்லியிருக்கலாம். சொன்னால் அது இரண்டு நாளில் பாறையிலேயே உறைந்துபோகும். ஆனால் சொந்தக் காட்டில், யாருக்கும் அடிமையாகாமல் சாகும். தகப்பன் இருந்தால் எதைச் சொல்லியிருப்பார்? புரோக்கோப்பி முதல் முறையாகத் தகப்பனைக் கேட்காமல் குட்டியின் இடுப்பு எலும்பைப் பார்த்தார்.

கூண்டைச் சுற்றி நடந்து பின்பக்கம் போனார். மற்றவர்கள் மரங்களுக்குப் பின்னால் மறைந்தார்கள். மண்டியிட்டுத் தொப்பியைக் கழற்றினார். 

"நான் கியோன்கா வீடு," என்றார். "வாம்மா. வா."

குட்டி எழுந்தது. தள்ளாடிக்கொண்டே சரிவில் இறங்கியது. கூண்டின் வாசலில் நின்று இரும்பை முகர்ந்தது, பின்வாங்கியது. அவர் போய்விடு என்று மனதுக்குள் சொல்லிக்கொண்டே வாயால் வா வா என்று கூப்பிட்டார். அது உள்ளே காலை வைத்தது. வழியில் கிடந்த கறியைத் தாண்டி, நேராகக் கம்பிவரை வந்து, அவர் கையை முகர்ந்தது.

பின்னால் கதவு விழுந்தது.

அந்தச் சத்தத்துக்கு அவர்தான் அதிர்ந்தார். குட்டி திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. கம்பிக்கு அந்தப் பக்கம் உட்கார்ந்து, இன்று என்ன கொண்டுவந்திருக்கிறார் என்று அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தது. தார்ப்பாயை எடுத்துக்கொண்டு வந்த ஸ்தெபான் பக்கத்தில் வந்து நின்றான்.

"தள்ளிக்குங்கய்யா," என்றான். "மூடணும்."

அவர் எழுந்திருக்கவில்லை. அவன் மறுபடி சொல்லவும் இல்லை.